கிராண்ட் கேன்யனும் ஒற்றைக்கை மேஜரும்

அமெரிக்காவின் அரிசோனா மாநிலத்தில் கொலராடோ ஆறு பாறைகளை அறுத்து உருவாக்கிய பள்ளத்தாக்குதான் கிராண்ட் கேன்யன். நீளம் 446 கிலோமீட்டர். ஆழம் சில இடங்களில் 1.8 கிலோமீட்டர்!

1869 மே 24 அன்று மேஜர் ஜான் வெஸ்லி பவல் இதை ஆராயக் கிளம்பினார். 1862-ல் உள்நாட்டுப் போரில் வலது கையை இழந்தவர் அவர். உடன் ஒன்பது பேர், நான்கு படகுகள். வழியிலேயே ஒரு படகு பாறையில் மோதி உடைந்தது. ஒருவர் பாதியில் விலகினார். உணவும் தீரத் தொடங்கியது. ஆகஸ்ட் 28-ல் பயங்கரமான நீர்ச்சுழல்களைக் கண்ட மூன்று பேர், கரையேறி நடந்து போனார்கள். அவர்கள் ஊர் போய்ச் சேரவே இல்லை, கொல்லப்பட்டார்கள். ஆற்றிலேயே சென்ற ஆறு பேரோ இரண்டே நாளில் பள்ளத்தாக்கைத் தாண்டிவிட்டார்கள்.

இத்தனைக்கும் நடுவில் பவல் பாறைகளைக் கவனித்தார். அடியில் சுமார் 170 கோடி ஆண்டுப் பழைய உருமாறிய பாறை. பல இடங்களில் அதன் மேலேயே சுமார் 50 கோடி ஆண்டு மணற்கல். இடைப்பட்ட 120 கோடி ஆண்டு எங்கே? அந்தக் காலத்துப் பாறைகள் அங்கே அரித்துப் போய்விட்டன, அல்லது படியவே இல்லை. இந்த வயதுக் கணக்கு பின்னாளில் வந்தது. ஆனால் இடைவெளியைப் பவல் அன்றே கண்டுகொண்டார்.

பாறை சொல்லும் வரலாற்றிலும் கிழிந்த பக்கங்கள் உண்டு.