முரளிதரன்: கட்டுகஸ்தோட்டையிலிருந்து அஸ்கிரிய வரை

கண்டியில் கிரிக்கெட் என்றால் முதலில் நினைவுக்கு வருபவை இரண்டு கல்லூரிகள். ஒன்று நகரிலுள்ள டிரினிட்டி கல்லூரி. மற்றது கட்டுகஸ்தோட்டையிலுள்ள புனித அந்தோனியார் கல்லூரி. இரண்டுக்கும் இடையிலான போட்டி மனப்பான்மை மைதானத்தோடு முடிந்துவிடுவதில்லை. பழைய மாணவர்கள் தலை நரைத்த பின்பும் அதைக் கைவிடுவதில்லை. டெஸ்ட் கிரிக்கெட்டில் உலகிலேயே அதிக விக்கெட்டுகள் என்ற சாதனையை முத்தையா முரளிதரன் ஷேன் வோர்னிடமிருந்து பறித்துக்கொண்டது 2007 டிசம்பர் 3 அன்று, அஸ்கிரிய மைதானத்தில். அந்த மைதானம் டிரினிட்டிக்குச் சொந்தமானது. முரளிதரனோ அந்தோனியார் கல்லூரி மாணவர்.

அவருடைய சாதனைப் பட்டியலை ஒப்புவிப்பது என் நோக்கமன்று. கடல் கடந்து வாழும் தமிழர்கள் அவரைப் பற்றிப் பேசும்போது, அவர் கண்டியைச் சேர்ந்த மலையகத் தமிழர் என்ற உண்மை எப்படியோ நழுவிப்போய்விடுகிறது. அதைக் கருத்தில் கொள்ளாமல் அந்த மனிதரை விளங்கிக்கொள்ள முடியாது என்பது என் எண்ணம்.

அவருடைய பாட்டனார் 1920 அளவில் தமிழகத்திலிருந்து தேயிலைத் தோட்ட வேலைக்கு வந்தவர். பின்னாளில் பாட்டனார் திருச்சிராப்பள்ளிக்கே திரும்பிவிட்டார். மகன் முத்தையா திரும்பவில்லை. 1948ஆம் ஆண்டின் குடியுரிமைச் சட்டம் மலையகத் தமிழரை நாடற்றவராக்கியது. 1964இல் சிறிமாவோவும் சாஸ்திரியும் செய்துகொண்ட உடன்படிக்கை அவர்களைத் தலைக்கணக்கில் பங்கிட்டது. அத்தகைய காலத்தில் கண்டியை அடுத்த குண்டசாலைப் பகுதியில் பிஸ்கட் தொழிற்சாலை ஒன்றை நிறுவி நிலைகொண்டது அந்தக் குடும்பம். 1972 ஏப்ரல் 17 அன்று முரளிதரன் பிறந்தார். அவருக்கு ஐந்து வயதானபோது 1977ஆம் ஆண்டு வன்செயல் மூண்டது. வீடும் தொழிற்சாலையும் தீக்கிரையாகின. தங்களைக் காப்பாற்றியவர்களும் சிங்களவரே என்று பின்னாளில் அவரே கூறியிருக்கிறார். தந்தை அதே இடத்தில் மறுபடியும் பிஸ்கட் தொழிலைத் தொடங்கினார். இதை மட்டும் வாசகர்கள் நினைவில் வைத்திருக்க வேண்டுகிறேன். இறுதியில் இதற்குத் திரும்பி வருவேன்.

ஒன்பதாவது வயதில் அவர் பெனடிக்ட் சபைத் துறவிகள் நடத்திய அந்தோனியார் கல்லூரியில் சேர்க்கப்பட்டார். அங்கே முதலில் மித வேகப் பந்துவீச்சாளராகவே இருந்தார். பதினான்கு வயதில் அவரைச் சுழற்பந்துக்குத் திருப்பியவர் பயிற்றுநர் சுனில் பெர்னாண்டோ. கல்லூரியில் கடைசி இரண்டு பருவங்களில் நூற்றுக்கும் மேற்பட்ட விக்கெட்டுகளை வீழ்த்தி, 1990-91 பருவத்தின் சிறந்த பாடசாலைக் கிரிக்கெட் வீரரானார். அடுத்துக் கொழும்பில் தமிழ் யூனியன் கழகம். 1991இல் இலங்கை 'ஏ' அணியுடன் இங்கிலாந்து சென்று ஐந்து ஆட்டங்களில் ஆடியும் ஒரு விக்கெட்டுக்கூட எடுக்காமல் வெறுங்கையோடு திரும்பினார் என்பதைச் சொன்னால் இன்று பலர் நம்பமாட்டார்கள். மறு ஆண்டு ஆகஸ்டில் கெத்தாராமவில் அவுஸ்திரேலியாவுக்கு எதிராக முதல் டெஸ்ட். கிரெய்க் மெக்டர்மொட் முதல் விக்கெட். ஓஃப் ஸ்டம்புக்கு வெகு வெளியே விழுந்த பந்தை டொம் மூடி ஆடாமல் விட, அது திரும்பி வந்து லெக் ஸ்டம்பைப் பெயர்த்தது. அதே மூடி பின்னாளில் இலங்கையின் பயிற்றுநராக வந்து, முரளிதரன் தம் பக்கத்தில் இருப்பதையிட்டு நிம்மதி அடைந்திருப்பார்!

1995 டிசம்பர் 26 அன்று நான் செய்தி மேசையில் இருந்தேன். மெல்பேர்னிலிருந்து வந்த செய்தியில், நடுவர் டரல் ஹெயர் மூன்று ஓவர்களில் ஏழு முறை 'நோ போல்' என அறிவித்ததாக இருந்தது. எண்ணில் பிழையிருக்கும் என்றெண்ணி மறுபடியும் சரிபார்த்தேன். பிழையில்லை. பந்தை எறிகிறார் என்பது குற்றச்சாட்டு. மறுமுனையிலிருந்து வீசியபோது அங்கு நின்ற நியூசிலாந்து நடுவர் ஸ்டீவ் டன் ஒருமுறைகூடக் கையை நீட்டவில்லை. பத்து நாள்களில் பிரிஸ்பேனில் ரொஸ் எமர்சனும் ஹெயரின் வழியைப் பின்பற்றினார். பிறவியிலேயே முழுமையாக நீட்ட முடியாத முழங்கை அவருடையது. பேர்த்திலும் ஹொங்கொங்கிலும் பல்கலைக்கழகங்கள் அளந்து பார்த்து, வளைந்த கை எறிவதுபோல் கண்ணுக்குத் தோற்றுகிறது என்று கூறின. 1999இல் அடிலெய்டில் எமர்சன் மீண்டும் கையை நீட்டியபோது, அர்ஜுன ரணதுங்க அணியையே எல்லைக்கோடு வரை அழைத்துச் சென்றார். தமிழ்ப் பையன் ஒருவனுக்காகச் சிங்களத் தலைவன் ஒருவன் ஆட்டத்தையே நிறுத்திய காட்சி அது. அக்காலத்து இலங்கையில் அதன் பொருளை நாங்கள் நன்கறிவோம். 2005இல் சர்வதேசக் கிரிக்கெட் சபை எல்லாப் பந்துவீச்சாளருக்கும் பதினைந்து பாகை என்று வரம்பு வகுத்தது. அவருக்காக விதியை மாற்றினார்கள் என்று சொல்வோர் உண்டு. கறைபடாதவர்கள் எனப் போற்றப்பட்ட வேகப்பந்து வீச்சாளர்கள் பலருடைய முழங்கைகளும் பழைய விதிக்கு அடங்கவில்லை என்பதை ஆய்வு காட்டியதை அவர்கள் மறந்துவிடுகிறார்கள்.

இனி அஸ்கிரிய. மலைச்சரிவைச் சமப்படுத்தி அமைத்த சிறு மைதானம். 1983இல் அங்கு முதல் டெஸ்ட் நடைபெற்றது. அங்கே 16 டெஸ்ட்களில் 117 விக்கெட்டுகளை அவர் எடுத்தார். 2002 ஜனவரியில் சிம்பாப்வேயின் முதல் இன்னிங்ஸில் ஒன்பது விக்கெட்டுகளும் அவருக்கே. பத்தாவதும் கிடைத்தால் ஜிம் லேக்கர், அனில் கும்ப்ளே வரிசையில் மூன்றாமவர். மறுநாள் காலை வந்த பிடியை ரசல் ஆர்னோல்ட் நழுவவிட்டார். கடைசி விக்கெட் சமிந்த வாஸுக்குப் போயிற்று. மற்றவர்கள் அரைமனதோடுதான் முறையிட்டார்கள். 51 ஓட்டங்களுக்கு ஒன்பது என்று நின்றது கணக்கு. 2004 மார்ச்சில் ஐந்நூறாவது விக்கெட்டும் அங்கேதான். 2007இல் போல் கொலிங்வூட்டின் ஸ்டம்பைச் சாய்த்து 709. பட்டாசு வெடித்தது; பெற்றோர் பார்த்துக்கொண்டிருந்தனர். முப்பது ஆண்டுகளுக்கு முன் அந்தக் குடும்பத்தின் வீடு எரிந்த அதே கண்டிப் பிரதேசம். அஸ்கிரியவில் நடந்த கடைசி டெஸ்ட்டும் அதுவே. 2010 ஜூலையில் காலியில் பிரக்யான் ஓஜா மஹேலவிடம் பிடி கொடுக்க, கடைசிப் பந்தில் எண்ணூறு நிறைவுற்றது.

போர் முடிந்த 2009 பற்றி 2019இல் அவர் பேசியது தமிழர் பலரைப் புண்படுத்தியது. உறவுகளைப் பறிகொடுத்தவர்களுக்கு அந்த ஆண்டு மகிழ்ச்சியான ஆண்டாக எப்படி இருக்க முடியும்? தம் சொற்கள் திரிக்கப்பட்டன என்று அவர் விளக்கம் தந்தார். என் மனம் முழுதாக ஆறவில்லை. ஆயினும் அவருடைய வாழ்க்கை பற்றிய '800' திரைப்படத்திலிருந்து 2020இல் விஜய் சேதுபதி விலக நேர்ந்த கூச்சலில், அவரைத் துரோகி என்று அழைத்தவர்களில் எத்தனை பேருக்குக் குண்டசாலை எங்கிருக்கிறது என்று தெரியும்? எரிந்த இடத்திலேயே மறுபடியும் தொழில் தொடங்கிய தகப்பனின் மகன் அவர். தனக்கென ஒரு நிலப்பரப்பைக் கோரும் அரசியல் மலையகத் தமிழனுக்கு வாய்க்கவில்லை. அயலவனோடு வாழ்ந்தாக வேண்டும் என்பதே அவன் வரலாறு. அதை ஏற்கலாம், ஏற்காமலிருக்கலாம். அறியாமல் தீர்ப்பளிப்பது முறையன்று.

பல்லேகலவில் எழுந்த புதிய மைதானத்துக்கு அவர் பெயரைச் சூட்ட மத்திய மாகாண சபை 2010 ஜூலையில் தீர்மானித்தது. மைதானம் இன்றும் பல்லேகல என்ற பெயராலேயே அழைக்கப்படுகிறது.