அடால்ஃப் பெக் வழக்கு

அடால்ஃப் பெக் வழக்கு என்பது, சாட்சிகள் ஆள்மாறி அடையாளம் காட்டியதால் குற்றமற்ற ஒருவர் இருமுறை குற்றவாளி எனத் தீர்ப்பளிக்கப்பட்ட இங்கிலாந்து வழக்காகும்.

1895 டிசம்பரில் இலண்டன் தெருவொன்றில் ஒரு பெண், தன்னை ஏமாற்றி நகைகளைப் பறித்தவர் இவரே என்று நோர்வே நாட்டவரான பெக்கைக் காவலரிடம் காட்டினார். அவ்வாறே ஏமாந்த பெண்கள் பலரும் அவரையே சுட்டினர். 1877இல் இதேவகை மோசடிக்காகச் சிறை சென்ற ஜான் ஸ்மித் இவர்தான் என்று காவலர் ஒருவரும் உறுதி கூறினார். அந்த ஆண்டில் பெக் தென் அமெரிக்காவில் இருந்ததை நிறுவ அவர் தரப்பு முயன்றது; நீதிபதி அதற்கு இடம் தரவில்லை. 1896இல் 7 ஆண்டுக் கடுங்காவல் விதிக்கப்பட்டது.

1898இல் சிறைப் பதிவேடு உண்மையைக் காட்டியது. ஸ்மித் விருத்தசேதனம் செய்தவர், பெக் செய்யாதவர். இருவரும் வெவ்வேறு ஆட்கள் என்பது தெரிந்தும் தண்டனை நீக்கப்படவில்லை.

1901இல் விடுதலையான பெக், 1904இல் அதேபோன்ற சாட்சியங்களால் மீண்டும் குற்றவாளியாக்கப்பட்டார். தண்டனை அறிவிக்கப்படும் முன்பே உண்மையான மோசடிக்காரர் பிடிபட்டார். பெக்குக்கு மன்னிப்பும் 5,000 பவுண்டு இழப்பீடும் வழங்கப்பட்டன.

அப்பெண்கள் வேண்டுமென்றே பொய் சொல்லவில்லை. தாம் நம்பியதையே சொன்னார்கள். ஒரே தவற்றைப் பலர் செய்வதால் அது உண்மையாகிவிடாது. இவ்வழக்கும் ஒரு காரணமாக, 1907இல் இங்கிலாந்தில் குற்றவியல் மேல்முறையீட்டு நீதிமன்றம் சட்டத்தின்வழி ஏற்படுத்தப்பட்டது.