சேலத்து வக்கீல்கள் தொடுத்த வழக்கு

ஊத்தங்கரைப் பக்கத்தில் அண்ணன் தம்பிக்குள் பாகத் தகராறு வந்தாலும், புருஷன் பெண்சாதிக்குள் மனஸ்தாபம் வந்தாலும் ஊர்ப் பெரியவர்களிடம் போவது பழைய வழக்கம். அங்கே தீராவிட்டால் கோர்ட்டு. 1965-இல் தருமபுரி மாவட்டம் பிரியும் வரையில் இவ்வட்டாரம் சேலம் ஜில்லாவைச் சேர்ந்தது; 2004-இல் கிருஷ்ணகிரி மாவட்டத்துக்குள் வந்தது. அந்தச் சேலத்து வக்கீல்கள் தொடுத்த வழக்கு ஒன்று, கோர்ட்டே குடும்பச் சண்டையைச் சமரசத்துக்கு அனுப்பும் ஏற்பாட்டுக்கு எப்படி வழி திறந்தது என்பது சுவையான கதை.

சிவில் நடைமுறைச் சட்டத்தில் 1999-இல் 89-ஆம் பிரிவைச் சேர்த்தார்கள். 2002 ஜூலை 1-இல் அது அமலுக்கு வந்தது. சமரசத்துக்கு இடமிருப்பதாகத் தோன்றும் வழக்கை நீதிபதி மத்தியஸ்தத்துக்கு அனுப்பலாம் என்றது அது. இந்தத் திருத்தங்களை எதிர்த்துச் சேலம் வழக்கறிஞர் சங்கம் உச்ச நீதிமன்றம் ஏறியது. திருத்தங்கள் செல்லும் என்று 2002 அக்டோபரில் தீர்ப்பாயிற்று. கூடவே, சமரசத்தை நடத்தும் விதிகளை வகுக்க நீதிபதி ஜகந்நாத ராவ் தலைமையில் குழு ஒன்றும் அமைந்தது. 2005 ஆகஸ்டில் அக்குழுவின் விதிகளை நீதிமன்றம் ஏற்றது. உயர் நீதிமன்றங்களுக்கு அவை முன்மாதிரி ஆயின. தடுக்கப் போனவர்கள் பாதை போட்டுக் கொடுத்துவிட்டுத் திரும்பினார்கள்!

அதற்குள், 2005 ஏப்ரல் 9-ஆம் தேதியே சென்னை உயர் நீதிமன்றத்தில் சமரச மையம் திறந்தாயிற்று. தாம்பத்தியம், ஜீவனாம்சம், குழந்தையின் பொறுப்பு, பாகப்பிரிவினை எல்லாம் மத்தியஸ்தத்துக்கு ஏற்றவை என்று 2010-இல் உச்ச நீதிமன்றம் சொல்லிற்று.

ஊர்ப் பஞ்சாயத்துக்கும் இதற்கும் என்ன வித்தியாசம்? பஞ்சாயத்தில் ஊரே கூடியிருக்கும். பெண் ஓரமாக நிற்பாள். பெரியவர் வாக்கே முடிவு. இங்கே கதவு சாத்தியிருக்கும். மத்தியஸ்தர் இருவரையும் சேர்த்தும் தனித்தனியாகவும் கேட்பார். தீர்ப்புச் சொல்ல அவருக்கு அதிகாரமில்லை. அங்கே பேசியதைப் பின்னால் கோர்ட்டில் சாட்சியமாக்க முடியாது. இசைந்தால் எழுதிக் கையெழுத்திட்டுக் கோர்ட்டுக்கு அனுப்புவார்கள். இசையாவிட்டால் வழக்கு விட்ட இடத்திலிருந்து தொடரும்.

கதை எழுதிப் பிழைக்கும் எனக்கு இதில் பிடித்தது ஒன்று உண்டு. கோர்ட்டுக்கு வேண்டியது ருசு. குடும்பத்திலோ, ருசுப்படுத்த முடியாத வார்த்தைதான் பல வருஷம் குத்திக் கொண்டிருக்கும். அதைச் சொல்லி ஆற ஓர் இடம் வேண்டாமா?

ஆனால் ஒரு பயமும் உண்டு. "அனுசரித்துப் போ, அம்மா" என்று அடிபட்டவளையே திருப்பியனுப்பும் பழக்கம் இந்த அறைக்குள்ளும் நுழையலாம். சேர்ந்து வாழ்வது சமரசமானால், கௌரவமாகப் பிரிவதும் சமரசமே. "மாட்டேன்" என்று அவள் அச்சமின்றிச் சொல்ல முடிகிற வரையில்தான் அந்த அறைக்கு மதிப்பு.