கழற்றக் கூடாத தண்டுகள்: திருமறையில் கடவுளின் வாசஸ்தலம்

ஆலயப் பிரதிஷ்டை நாள்களிலும் நூற்றாண்டு விழாக்களிலும் நாம் வழக்கமாகக் கேட்கும் விளக்கம் ஒன்று உண்டு. முதலில் வனாந்தரத்தில் கூடாரம். பிறகு எருசலேமில் கல்லாலான ஆலயம். கடைசியில் கட்டடமே தேவையற்றுப்போய், விசுவாசியின் இருதயமே ஆலயம். ஏணிப்படிகள்போல் மேலே ஏறிச் செல்லும் இந்த வரிசை பிரசங்கத்துக்கு வசதியானது. மூன்று தலைப்புகள் தாமாகவே கிடைத்துவிடுகின்றன. ஆனால் திருமறை நூல்களை அவற்றின் போக்கிலேயே படித்தால் இந்த ஏணி நிற்பதில்லை. கடவுள் மனிதர் நடுவே தங்குகிறார் என்ற உறுதியும், எந்த இடத்திலும் அவரைக் கட்டிவைக்க முடியாது என்ற எச்சரிக்கையும் தொடக்கத்திலிருந்தே ஒன்றையொன்று விடாமல் கூடவே வருகின்றன. பின்னது வந்து முன்னதை நீக்கவில்லை. வாசஸ்தலம் என்ற கருப்பொருளின் உயிரே இந்த இணைப்பில்தான் இருக்கிறது என்பது என் வாதம்.

யாத்திராகமத்தின் 40 அதிகாரங்களில் 25 முதல் 31 வரையிலும் 35 முதல் 40 வரையிலும், ஆக 13 அதிகாரங்கள், பெரும்பாலும் ஆசரிப்புக் கூடாரத்தைச் சுற்றியே செல்கின்றன. செங்கடலைக் கடந்த வரலாற்றை ஓர் அதிகாரத்தில் சொல்லி, அடுத்த அதிகாரத்தில் பாட்டும் பாடி முடித்துவிடுகிற நூல், திரைகளின் கொக்கிகளுக்கும் பலகைகளின் பாதங்களுக்கும் இவ்வளவு இடம் தருகிறது. பெரும்பாலான வாசகர் இப்பகுதியைத் தாண்டிச் சென்றுவிடுகிறார்கள்; இழப்பு அவர்களுக்குத்தான். உடன்படிக்கைப் பெட்டி இரண்டரை முழ நீளம், ஒன்றரை முழ அகலம், ஒன்றரை முழ உயரம்; சீத்திம் மரம், மேலே பொன்தகடு. அதைச் சுமக்கத் தண்டுகள் வளையங்களில் மாட்டப்பட்டிருக்கும். 25:15 ஒரு கட்டளையைச் சேர்க்கிறது: அந்தத் தண்டுகளைக் கழற்றக் கூடாது. சமுகத்தப்ப மேசைக்கும் தண்டுகள் உண்டு, பலிபீடங்களுக்கும் உண்டு. ஆனால் இந்தத் தடை பெட்டிக்கு மட்டுமே. பாளயம் பெயரும்போது தண்டுகளை மாட்டும்படி எண்ணாகமம் 4 சொல்வது இதோடு உரசுகிறது. உரையாசிரியர்கள் பலவிதமாகச் சமாதானம் சொல்லியிருக்கிறார்கள். பெட்டியைக் கையால் தொட்டுவிடக் கூடாது என்ற பாதுகாப்பு ஏற்பாடுதான் இது, பெட்டியைத் தொட்டு மடிந்த ஊசாவை நினைத்துப் பாருங்கள் என்று ஒருவர் கேட்கலாம். தூக்கிச் செல்லும் பெட்டிக்கு அந்தக் காரணம் பொருந்தும். தூக்கவே வேண்டியிராத இடத்தில் அது பொருந்துமா?

அந்த இடம் 1 இராஜாக்கள் 8. சாலொமோனின் ஆலயம் 60 முழ நீளம், 20 முழ அகலம், 30 முழ உயரம். கட்டி முடிக்க 7 ஆண்டுகள். அவனுடைய சொந்த அரண்மனைக்கு 13 ஆண்டுகள். இந்த இரண்டு எண்களையும் ஆசிரியர் அடுத்தடுத்து வைத்துவிட்டு ஒரு வார்த்தையும் சொல்லாமல் நகர்கிறார். லீபனோனுக்கு அனுப்பிய 30,000 அமஞ்சி ஆட்களின் கணக்கையும் அவர் மறைக்கவில்லை. நீளம், அகலம், உயரம் மூன்றும் 20 முழமான மகா பரிசுத்த ஸ்தலத்தில் பெட்டி நிலையாக வைக்கப்படுகிறது. இனிப் பயணம் இல்லை. ஆனாலும் தண்டுகள் அப்படியே இருக்கின்றன. அவற்றின் முனைகள் முன்னிருந்த பரிசுத்த ஸ்தலத்திலிருந்து தெரிந்தன, வெளியிலிருந்து பார்த்தால் தெரியவில்லை என்கிறது 8-ஆம் வசனம். கல்லும் கேதுருவும் பொன்னும் சூழ்ந்த அறையில் புறப்படுவதற்கான ஏற்பாடு மட்டும் கலையவில்லை. இந்தச் சின்ன விவரத்துக்கு நான் அதிகப் பாரம் ஏற்றுகிறேன் என்று தோன்றினால், அதே அதிகாரத்தில் சாலொமோன் பேசுவதைப் பார்க்கலாம். கடவுள் என்றென்றும் தங்கும் வீட்டைக் கட்டிவிட்டதாக 13-ஆம் வசனத்தில் பெருமிதம். வானாதி வானங்களும் கொள்ளாதவரை இந்த வீடு எப்படிக் கொள்ளும் என்று 27-ஆம் வசனத்தில் திகைப்பு. ஒரே நாள், ஒரே பிரதிஷ்டை, ஒரே வாய். தாவீதுக்கு நாத்தான் வழியாக வந்த மறுமொழியிலும் (2 சாமுவேல் 7) கேதுருமர வீடு கேட்டவர் யார் என்ற கேள்வி இருந்தது. ஆலயத்தைப் பற்றிய ஐயம் பிற்காலத் தீர்க்கதரிசிகள் கொண்டுவந்த புதுமை அல்ல.

இங்கே ஆய்வாளர் ஒருவர் குறுக்கிடுவார். இவை வெவ்வேறு மூலங்கள். கடவுளின் மகிமை நேரில் இறங்குவதாகச் சொல்வது ஆசாரிய மரபு, அவருடைய நாமம் மட்டும் தங்குவதாகச் சொல்வது உபாகம மரபு. கெர்ஹார்ட் ஃபான் ராட் இதைத் தெளிவாகப் பிரித்துக் காட்டியபின் ஒரே கருப்பொருள் என்று பேசலாமா என்பார். பின்வந்த சிலர் அந்தப் பிரிவினையையே மறுத்திருந்தாலும், கேள்வி நியாயமானது. 1787-இல் ஆல்ட்டோர்ஃப் பல்கலைக்கழக உரையில் யோகான் பிலிப் காப்ளர் வேத இறையியலைத் திருச்சபைக் கோட்பாட்டிலிருந்து பிரித்துப் படிக்கச் சொன்ன நாள்முதல் இந்தத் துறையைத் துரத்திவரும் கேள்வியும் இதுவே. வால்டர் ஐக்ரோட் 1933-இல் உடன்படிக்கையை நடுவில் வைத்துப் பழைய ஏற்பாடு முழுவதையும் கட்ட முயன்றார். அப்படி ஒரு நடுப்புள்ளி இல்லை என்றார் ஃபான் ராட். மரபுகள் பல என்பதை நான் ஏற்கிறேன். ஆனால் அவற்றைத் தொகுத்தவர்களுக்கு முரண்பாடு தெரியாமல் போயிற்று என்று நினைப்பது அவர்களைக் குறைத்து மதிப்பிடுவது. மேகம் ஆலயத்தை நிரப்பியதால் ஆசாரியர் நிற்கமுடியாமல் போன செய்தியையும், வானங்கள் கொள்ளாதவர் என்ற வேண்டுதலையும் ஒரே அதிகாரத்தில் அருகருகே விட்டுவைத்தது அவர்கள்தான். வேதத்தின் கருப்பொருளைப் படிப்பது என்றால் அந்த வழக்கின் இரு தரப்பையும் கேட்பது. எல்லாரும் ஒன்றையே சொன்னார்கள் என்று காட்டுவது அல்ல.

அந்த வழக்கு உயிர்ப்பிரச்சினையானது எரேமியாவின் நாளில். கி.மு. 609-இல் அரசேறிய யோயாக்கீமின் ஆட்சித் தொடக்கத்தில், ஆலய வாசலில் நின்று, முன்பு பாழாய்ப்போன சீலோவுக்கு நேர்ந்தது இதற்கும் நேரும் என்றார். அவரைக் கொல்ல வேண்டுமென்று ஆசாரியரும் தீர்க்கதரிசிகளும் எழுந்தபோது, மூப்பர் சிலர் எசேக்கியா அரசன் காலத்து மீகாவை முன்னுதாரணம் காட்டினார்கள்: அவரும் இதையே சொன்னார், அன்று அரசன் அவரைக் கொல்லவில்லை. அதாவது, ஆலயத்தை எதிர்த்துப் பேசுவதும் ஒரு மரபு என்பது ஆலய வாசலிலேயே ஒப்புக்கொள்ளப்பட்டிருந்தது. கி.மு. 593 அளவில் பாபிலோனில் கேபார் நதியோரம் எசேக்கியேல் கண்ட சிங்காசனத்துக்குக் கீழே சக்கரங்கள் இருந்தன. பிறகு அவர் காட்டும் காட்சியில் மகிமை ஒரேயடியாகப் புறப்படவில்லை. கேரூபீனிலிருந்து வாசற்படிக்கு, அங்கிருந்து கிழக்கு வாசலுக்கு, பின்னர் நகரத்துக்குக் கிழக்கே உள்ள மலைக்கு என்று தயங்கித் தயங்கிப் போகிறது. கி.மு. 587 அல்லது 586-இல் ஆலயம் எரிந்தது. பாபிலோனியர் கொண்டுபோன வெண்கலத் தூண்கள், செப்புச்சட்டிகள், சாம்பல் கரண்டிகள்வரை பட்டியலிடும் 2 இராஜாக்கள் 25, பெட்டியைப் பற்றி மூச்சே விடவில்லை. யோயாக்கீனின் சிறைமீட்சியோடு முடியும் அந்த நூல் எரிப்புக்குப் பிந்தியது. ஆனாலும் தண்டுகள் இன்றுவரை அங்கே இருப்பதாகச் சொன்ன 1 இராஜாக்கள் 8:8-ஐ அதன் ஆசிரியர் அழிக்கவில்லை.

ஏணிக் கோட்பாட்டின்படி அடுத்து கட்டடம் மறைய வேண்டும். நடந்தது வேறு. சிறையிருப்பில் சக்கரங்களைக் கண்ட அதே எசேக்கியேலின் நூல் 40 முதல் 48 வரை புதிய ஆலயத்துக்கு அளவு போடுகிறது. கி.மு. 520-இல் ஆகாய், மச்சுப்பாவிய வீடுகளில் குடியிருந்துகொண்டு ஆலயத்தைப் பாழாய் விட்டிருக்கிறீர்களே என்று கடிந்துகொள்கிறார். 515-இல் அது எழுந்தது. எந்த வீட்டையும் ஏளனமாகக் கேட்கும் ஏசாயா 66-உம் இந்தக் காலத்தை ஒட்டியதென்றே பல ஆய்வாளர் கருதுகிறார்கள். இரண்டும் ஒரே நியமத்தில் இடம்பெற்றன. (எகிப்தின் எலிபண்டைன் தீவில் யூதருக்குத் தனி ஆலயம் ஒன்று இருந்ததும், அது இடிக்கப்பட்டபின் மீண்டும் கட்ட உதவி கேட்டு கி.மு. 407-இல் யூதேயாவின் ஆளுநருக்கு எழுதியதும் பாப்பிரஸ் ஏடுகளில் உள்ளன; ஒரே இடம் என்ற உபாகமச் சட்டம் எங்கும் ஒரேபோல் நடைமுறையில் இல்லை.) கி.மு. 63-இல் ரோமத் தளபதி பொம்பேய் மகா பரிசுத்த ஸ்தலத்துக்குள் நுழைந்தபோது அங்கே எந்தத் தெய்வச் சிலையும் இல்லை என்று ரோம வரலாற்றாசிரியர் டாசிட்டஸ் எழுதுகிறார்.

வலுவான மறுப்பு புதிய ஏற்பாட்டிலிருந்து வரும்: இயேசு ஆலயத்தைக் கண்டித்தார், ஸ்தேவான் மறுத்தார், பவுல் மனிதரையே ஆலயம் என்றார், பிறகென்ன? ஒவ்வொன்றாகப் பார்ப்போம். ஆலயத்தில் காசுக்காரரின் பலகைகளைக் கவிழ்த்த இயேசு துணைக்கு அழைத்தது ஏசாயா 56-ஐயும் எரேமியா 7-ஐயும். ஸ்தேவான் மேற்கோள் காட்டியது ஏசாயா 66-ஐ. இருவரும் இஸ்ரவேலின் பழைய வழக்கை இஸ்ரவேலின் நூல்களைக் கொண்டே தொடர்கிறார்கள்; இதை யூத சமயத்துக்கு எதிரான கிறிஸ்தவத் தீர்ப்பாக வாசிப்பது வரலாற்றுப் பிழை, அதன் விலையை யூதர் கொடுத்திருக்கிறார்கள். லூக்கா தம் சுவிசேஷத்தை ஆலயத்தில் தூபங்காட்டும் சகரியாவோடு தொடங்கி, ஆலயத்தில் கடவுளைத் துதிக்கும் சீடர்களோடு முடிக்கிறார். பேதுருவும் யோவானும் ஜெபவேளையில் அங்கேதான் போகிறார்கள். 1 கொரிந்தியர் 3-இல் ஆலயம் என்று பவுல் அழைப்பது கட்சி கட்சியாகப் பிரிந்து நின்ற ஒரு சபையைக் கூட்டாக. தனி மனிதனின் உள்ளுணர்வை அல்ல. 6-ஆம் அதிகாரத்திலும் அவர் பேசுவது சரீரத்தைப் பற்றி. அவர் எழுதியபோது எருசலேம் ஆலயம் நின்றுகொண்டிருந்தது. ரோமர் அதை அழித்தது கி.பி. 70-இல்.

வெளிப்படுத்தின விசேஷம் 21-இல் நகரத்துக்குள் ஆலயமே இல்லையே, அது ஏணியின் கடைசிப் படிதானே என்று இன்னும் கேட்கலாம். அந்த நகரத்தின் அளவைக் கவனிக்க வேண்டும்: நீளம், அகலம், உயரம் மூன்றும் 12,000 ஸ்தாதி. சாலொமோனின் 20 முழ உள்ளறையின் அதே வடிவம் நகரமாக விரிந்திருக்கிறது. ஆலயம் ஒழிக்கப்படவில்லை, நகரம் முழுவதும் மகா பரிசுத்த ஸ்தலமாகிவிட்டது. மேலும் அது இனி இறங்கிவரப்போகும் நகரம். எந்தச் சபையும் தன்னை அதுவென்று சொல்லிக்கொள்ள முடியாது. அதே நூலின் 11:19-இல் பரலோக ஆலயம் திறக்கப்பட, இழந்துபோன பெட்டி அங்கே காணப்படுகிறது. தரங்கம்பாடியில் சீகன்பால்கு கட்டி 1718-இல் பிரதிஷ்டை செய்த ஆலயத்துக்குப் புதிய எருசலேம் என்று பெயர். ஆலயமில்லாத நகரத்தின் பெயர் ஓர் ஆலயத்துக்கு! இதைப் பொருத்தமின்மை என்று நான் சொல்லமாட்டேன். திருமறை இந்தப் பொருளைப் பேசும் விதத்துக்கு அது உண்மையாகவே இருக்கிறது.

இம்மலரைப் படிக்கும் வேதபாடக் குழுக்களுக்கு ஒரு வேண்டுகோள். அடுத்த பிரதிஷ்டைப் பண்டிகைக்கு முன், 1 இராஜாக்கள் 8, எரேமியா 7 மற்றும் 26, எசேக்கியேல் 10-11, ஆகாய், அப்போஸ்தலர் 7, வெளிப்படுத்தல் 21 ஆகியவற்றை ஒரே அமர்வில், இடையில் விளக்கம் சொல்லாமல், உரக்க வாசியுங்கள். எந்தப் பகுதி எதை மறுக்கிறது என்பதைக் குறித்துக்கொண்டு, பிறகு பேசத் தொடங்குங்கள்.