பெயர்தான் குற்றம்!

முயல் படம் போட்ட அந்த அமெரிக்கப் பத்திரிகையைப் பற்றி நான் சொல்லி உங்களுக்குத் தெரியவேண்டியதில்லை. 1953-ல் ஹியூ ஹெஃப்னர் ஆரம்பித்த 'பிளேபாய்'. உள்ளே என்ன இருக்கும் என்பது, அதைக் கண்ணால் பார்க்காதவர்களுக்கும் தெரியும். ஆனால், நிர்வாணப் படம் ஒன்றுகூட இல்லாமல் ஒரு பிளேபாய் வந்தது என்றால் நம்புவீர்களா? அதற்காக ஒரு மனிதர் ஜெயிலுக்கே போனார் என்றால்?

நம்பித்தான் ஆகவேண்டும். இடம், இந்தோனேஷியா.

காமர்ஸ் படித்தவர்களுக்கு 'குட்வில்' தெரியும். சரக்கு எப்படியோ, பெயருக்கென்று தனியாக ஒரு விலை உண்டு. உள்ளூர்ப் பதிப்பாளர் பணம் கொடுத்துப் பெயரை வாங்குவார். சரக்கை ஊருக்குத் தக்கபடி போட்டுக்கொள்வார். ஜப்பானில் 1975-லேயே இப்படி ஒரு பதிப்பு வந்தாயிற்று. ஜகார்த்தாவில் ஆசிரியர் எர்வின் அர்னாடா நம்பியதும் அந்தக் கணக்கைத்தான்.

காலமும் தோதாக இருந்தது. 1994-ல் 'டெம்போ' வார இதழை ஒரே உத்தரவில் இழுத்து மூடிய சுகார்த்தோ, 1998-ல் பதவி இறங்கினார். 1999-ல் வந்த சட்டம், பத்திரிகை நடத்த லைசென்ஸே வேண்டாம் என்றது. ஆனால், சுதந்திரம் பத்திரிகைக்காரர்களுக்கு மட்டுமா கிடைத்தது? தெருவில் இறங்கி மிரட்டுகிறவர்களுக்கும் சேர்த்துத்தான். 'இஸ்லாமியப் பாதுகாப்பு முன்னணி' பிறந்ததும் அதே 1998-ல்தான்.

2006 ஏப்ரலில் முதல் இதழ் வந்தது. ஆவலாகப் புரட்டியவர்களுக்கு ஏமாற்றம். அதைவிடத் துணிச்சலான படங்கள் அதே கடையில், வேறு பத்திரிகைகளில் தொங்கிக்கொண்டிருந்தன. உள்ளே ஒரு பேட்டி வேறு. கொடுத்தவர் பிரமுத்யா அனந்த தூர். சுகார்த்தோ ஆட்சி விசாரணையே இல்லாமல் புரு தீவில் பத்து வருடம் அடைத்துவைத்த எழுத்தாளர். அந்த மாதக் கடைசியில் அவர் இறந்தும் போனார்.

யார் படித்தார்கள் அதையெல்லாம்? ஒரு வாரத்துக்குள் முன்னணி ஆட்கள் ஆபீஸ் மீது கல்லெறிந்தார்கள். பத்திரிகை மூட்டை கட்டிக்கொண்டு, இந்துக்கள் அதிகம் வாழும் பாலித் தீவுக்குப் போய்ச் சேர்ந்தது. விளம்பரதாரர்கள் மிரண்டு ஒதுங்க, இரண்டாவது இதழில் விளம்பரப் பக்கங்கள் வெள்ளையாகவே வந்தன. 2007-ல் கடை மூடல்.

கதை முடிந்தது என்று நினைத்தால், வழக்கு முடியவில்லை. 2007-ல் கீழ்க்கோர்ட் அர்னாடாவை விட்டுவிட்டது. 2009-ல் சுப்ரீம் கோர்ட் இரண்டு வருடத் தண்டனை என்றது. 2010 அக்டோபரில், பத்திரிகையே செத்து மூன்று வருடம் கழித்து, அவர் சிப்பினாங் சிறைக்குள் போனார். 2011 ஜூனில் அதே சுப்ரீம் கோர்ட் மறுசீராய்வு செய்து விடுவித்தது. நடுவில் போன எட்டு மாதங்களை யார் திருப்பித் தருவது?

கல்லெறிந்த முன்னணியையும் 2020 டிசம்பரில் அரசு தடை செய்துவிட்டது. அது தனிக்கதை.

பெயரை விலை கொடுத்து வாங்கும்போது, அதன் மேலிருக்கும் பழியும் இலவசமாகக் கூடவே வந்துவிடுகிறது. புரட்டிப் பார்க்காமலேயே தீர்ப்புச் சொல்கிறவர்கள் இருக்கும் ஊரில், குட்வில்லைக் கணக்குப் புத்தகத்தில் எந்தப் பக்கம் எழுதுவது? வரவிலா, பற்றிலா? எனக்கு பி.காமில் இதைச் சொல்லித்தரவில்லை.