இன்னாசி

இன்னாசி என்பது தமிழ்க் கத்தோலிக்கர் ஆண் குழந்தைகளுக்கு இடும் பெயர். மூலம் இலத்தீன்: இக்னாத்தியுஸ். இஞ்ஞாசி, இன்னாசிமுத்து, யாழ்ப்பாணத்தில் இன்னாசித்தம்பி, பெண்களுக்கு இன்னாசியம்மாள் என்று பல வடிவங்களில் வழங்குகிறது. ஆங்கில ஒலிப்பில் இக்னேஷியஸ். புனிதரைக் குறிக்கும்போது இஞ்ஞாசியார் என்பார்கள். சென்னையில் சாந்தோம், மந்தைவெளி வட்டாரத்துப் பழைய கத்தோலிக்கக் குடும்பங்களில் தாத்தாக்களின் பெயராக இதைக் கேட்கலாம். பேரன்களுக்கு இந்த வடிவில் வைப்பவர்கள் இன்று அரிது. வைத்தாலும் பள்ளிச் சான்றிதழில் அது இக்னேஷியஸ் ஆகிவிடுகிறது.

பெயர் அகராதிகள் எல்லாம் இதற்கு ‘நெருப்பு’, ‘நெருப்பைப் போன்றவன்’ என்று பொருள் எழுதுகின்றன. இலத்தீனில் இக்னிஸ் என்றால் நெருப்பு. வடமொழி அக்னியும் அதுவும் ஒரே இந்தோ-ஐரோப்பிய வேரிலிருந்து வந்தவை. கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் பெயரின் பிறப்பு அங்கே இல்லை. அதன் பழைய வடிவம் எக்னாத்தியுஸ். அது இத்தாலியின் ஒரு பழங்குடும்பத்தின் பெயர். உரோமர் அல்லாத சாம்னியர், எத்துருஸ்கர் பக்கத்திலிருந்து வந்திருக்க வேண்டும் என்பதே அறிஞர்களின் பொதுக்கருத்து. கி.மு. 295இல் செந்தினும் போர்க்களத்தில் உரோமரை எதிர்த்து மடிந்த சாம்னியத் தளபதி கெல்லியுஸ் எக்னாத்தியுஸ் இந்தக் குடும்பப் பெயரைத் தாங்கியவர். அதாவது இந்தப் பெயர் வரலாற்றில் தலைகாட்டுவதே உரோமின் எதிரியாகத்தான். பொருள் என்ன என்று உறுதியாகச் சொல்ல இயலாத குடும்பப் பெயர் அது. பிற்காலத்தில் இக்னிஸ் என்ற சொல்லின் சாயல் படிந்து, ‘எ’ தேய்ந்து ‘இ’ ஆகி, நெருப்பு என்ற பொருளும் வந்து ஒட்டிக்கொண்டது.

அதே குடும்பப் பெயரில் ஒரு நெடுஞ்சாலையும் உண்டு. கி.மு. 2ஆம் நூற்றாண்டில் மக்கெதோனியாவை ஆண்ட உரோம அதிகாரி ஞேயுஸ் எக்னாத்தியுஸ் போட்ட எக்னாத்தியா சாலை, இன்றைய அல்பேனியக் கரையிலிருந்து பைசாந்தியம் வரை சென்றது. புனித பவுல் பிலிப்பியிலிருந்து தெசலோனிக்காவுக்குப் போனது அந்த வழியில்தான். கிரேக்க நாட்டின் வடக்கே ஓடும் இன்றைய விரைவுச்சாலைக்கும் அதே பெயரை வைத்திருக்கிறார்கள். இலக்கியத்தில் இந்தப் பெயருக்குக் கிடைத்த இடம் அவ்வளவு கௌரவமானதல்ல. கவிஞர் கத்துல்லுஸ், நேரங்காலம் தெரியாமல் வெள்ளைப் பல்லைக் காட்டிச் சிரிக்கும் எக்னாத்தியுஸ் என்ற ஸ்பானியரைக் கேலி செய்தே ஒரு கவிதை எழுதிவைத்திருக்கிறார்.

பெயரைக் கிறிஸ்தவத்துக்குள் கொண்டுவந்தவர் அந்தியோக்கியா நகரின் ஆயர் இக்னாத்தியுஸ். திராயான் பேரரசர் காலத்தில் கைதாகி, உரோமுக்குக் கொண்டுசெல்லப்படும் வழியில் ஏழு கடிதங்கள் எழுதி, அங்கே விலங்குகளுக்கு இரையாக்கப்பட்டவர் என்பது மரபு. சிரியத் திருச்சபையில் அவர் பெயர் ஒரு பட்டமாகவே ஆயிற்று. சிரிய ஆர்த்தடாக்ஸ் மறைமுதுவர் ஒவ்வொருவரும் பதவி ஏற்கும்போது இக்னாத்தியுஸ் என்ற பெயரையும் ஏற்கிறார். அப்படி ஒருவர், மூன்றாம் இக்னாத்தியுஸ் எலியாஸ், கேரளத்துக்கு வந்த இடத்தில் 1932இல் மஞ்ஞினிக்கரையில் காலமானார். அவர் கல்லறைக்கு இன்றும் ஆண்டுதோறும் நடைப்பயணம் போகிறார்கள். மலையாள நாட்டில் இக்னாத்தியோஸ் என்ற வடிவம் பழகியது இந்தச் சிரிய வழியில். தமிழகத்து இன்னாசிக்கும் அதற்கும் நேரடி உறவில்லை.

தமிழகத்துக்கு வந்த இன்னாசி ஸ்பெயின்காரர், அதிலும் பாஸ்க் நாட்டவர். 1491இல் லயோலா கோட்டையில் பிறந்தபோது அவருக்கு இட்ட பெயர் இஞ்ஞிகோ. அது இலத்தீனே அல்ல. எனெக்கோ என்ற பாஸ்க் பெயரின் ஸ்பானிய வடிவம். ஓஞ்ஞா மடத்துத் தலைவர் ஒருவரின் நினைவாக வைத்தது. 1521இல் பம்ப்லோனா கோட்டையைக் காக்கப் போய்ப் பீரங்கிக் குண்டால் கால் நொறுங்கிய போர்வீரர், துறவு பூண்டு பாரிசுக்குப் படிக்கப் போகும்வரை இஞ்ஞிகோதான். பாரிசில் முதுகலைப் பட்டம் பெற்றபோது பல்கலைக்கழக ஏட்டில் இருப்பது இக்னாத்தியுஸ். ஏன் மாற்றினார்? அந்தியோக்கியா ஆயர் மீது கொண்ட பக்தி என்பது ஒரு விளக்கம். பாஸ்க் பெயர் வெளிநாட்டாருக்கு விளங்காது, இலத்தீன் பெயர் எங்கும் செல்லும் என்று கருதினார் என்பது மற்றொன்று. இரண்டாவதே நம்பத்தக்கதாகப் படுகிறது. உள்ளூரில் ஒரு பெயர், கல்லூரி ஏட்டில் ஒரு பெயர் என்பது நம் ஊரில் யாருக்கும் புதிதல்ல.

அவர் நிறுவிய இயேசு சபைக்கு 1540இல் திருத்தந்தையின் ஒப்புதல் கிடைத்தது. பாரிசில் அவரோடு இருந்த பிரான்சிஸ் சவேரியார் 1542இல் கோவா வந்து, முத்துக்குளித்துறைப் பரவர் ஊர்களில் பணியாற்றினார். 1545இல் மயிலாப்பூர் வந்து, அப்போது போர்த்துகீசியர் குடியிருப்பாக இருந்த சாந்தோமில், தோமையார் கல்லறையை ஒட்டிய பங்குக் குருவின் வீட்டில் ஏறத்தாழ நான்கு மாதம் தங்கினார். அங்கிருந்துதான் மலாக்காவுக்குக் கப்பல் ஏறினார். மறு ஆண்டு மே மாதம் மலுக்குத் தீவுகளில் ஒன்றான அம்போனிலிருந்து நண்பர்களுக்கு எழுதிய கடிதத்தில் ஒரு செய்தி வருகிறது. தோழர்கள் தமக்கு எழுதிய கடிதங்களிலிருந்து அவர்களுடைய கையெழுத்துகளை மட்டும் வெட்டியெடுத்து, தம் நோன்பு வாக்குறுதியோடு சேர்த்து எப்போதும் உடம்பில் வைத்திருப்பதாகச் சொல்கிறார். 1552இல் சீனக் கடலோரத் தீவில் அவர் இறந்தபோது, கழுத்தில் தொங்கிய சிறு பேழையில் மூன்று பொருள்கள் இருந்தன என்பது சபை மரபு. ஒன்று அவருடைய வாக்குறுதித் தாள். இன்னொன்று மயிலாப்பூரில் பெற்ற தோமையாரின் எலும்புத் துணுக்கு. மூன்றாவது இக்னாத்தியுஸ் என்று முடியும் ஒரு கையெழுத்துத் துண்டு. மயிலாப்பூருக்கும் இந்தப் பெயருக்கும் உள்ள தொடர்பில் இதைவிட நெருக்கமான ஒன்று இல்லை.

பெயரைத் தமிழ் வாயில் பழக்கியவர்கள் அதற்கடுத்து வந்தவர்கள். போர்த்துகீசியரான என்ரீக்கே என்ரீக்கஸ் அடிகளார், தாம் தமிழ் கற்றுக்கொண்ட விதத்தை 1548இல் வேம்பாற்றிலிருந்து இக்னாத்தியுசுக்கே கடிதமாக எழுதினார். 1578இல் கொல்லத்தில் ‘தம்பிரான் வணக்கம்’ அச்சிட்டவரும், 1586இல் புனிதர்களின் வரலாறு சொல்லும் ‘அடியார் வரலாறு’ நூலைத் தமிழில் தந்தவரும் அவரே. அப்போது இக்னாத்தியுஸ் இறந்து முப்பது ஆண்டு ஆகியிருந்தது, இன்னும் புனிதராகவில்லை. 1622 மார்ச் 12 அன்று சவேரியாருக்கும் அவருக்கும் ஒரே நாளில் புனிதர் பட்டம் அளிக்கப்பட்டது. குழந்தைகளுக்கு அந்தப் பெயரை வைக்கும் வழக்கம் கத்தோலிக்க நாடுகள் எங்கும் பரவியது அதன் பிறகு.

தமிழில் இரண்டு எழுத்து வழக்குகள் இருப்பது தற்செயல் அல்ல. போர்த்துகீசிய மொழியில் எழுத்தில் ‘க்’ இருந்த காலத்திலும் பெயரை இனாசியு என்றே ஒலித்தார்கள். அதிலிருந்து இன்னாசி. இத்தாலியரின் வாயிலும், உரோமத் திருச்சபை இலத்தீனிலும் அந்தக் கூட்டெழுத்து ‘ஞ்ஞ’ என்று ஒலிக்கும். அதற்கு ஒத்துப்போவது இஞ்ஞாசி. கடற்கரையில் போர்த்துகீசியரும், மதுரை மிஷனில் நோபிலி, பெஸ்கி போன்ற இத்தாலியரும் பணியாற்றியதை நினைத்தால் இரண்டும் நிலைத்ததில் வியப்பில்லை. மூன்றாவதான இக்னேஷியஸ், ஆங்கிலப் பள்ளிக்கூடத்தின் வரவு.

இங்கே ஒரு கேள்வி எழுகிறது. தமிழகத்து இயேசு சபையினர் பெயர்களை மொழிபெயர்ப்பதில் கைதேர்ந்தவர்கள். பவுலுஸ் என்றால் இலத்தீனில் சிறியவர்; அவரைச் சின்னப்பர் ஆக்கினார்கள். சிங்கம் என்று பொருள்படும் லெயோ, சிங்கராயர் ஆனார். பியுஸ் பத்திநாதர், பெனெதிக்துஸ் ஆசீர்வாதப்பர். பெஸ்கி தம் சொந்தப் பெயரான கொன்ஸ்தான்சியுசைத் தைரியநாதர் என்று மாற்றிக்கொண்டார்; மெரினாவில் 1968இல் சிலை வைத்த ஊர் அவரை வீரமாமுனிவர் என்று அழைக்கிறது. இவ்வளவு செய்தவர்கள் தங்கள் சபையை நிறுவியவரின் பெயரை மட்டும் ஏன் தமிழாக்கவில்லை?

சூழலை வைத்து ஊகிக்கலாம். பொருள் பெயர்க்க வேண்டுமானால் அக்கினிநாதர் என்றோ அப்படி ஏதோ ஒன்றோ வந்திருக்கும். கஞ்சனூரிலும் திருக்காட்டுப்பள்ளியிலும் அக்னீஸ்வரர் கோயில் கொண்டிருக்கும் நாட்டில், ஒரு ஸ்பானியப் புனிதரை அப்படி அழைத்தால் கேட்பவருக்குச் சிவபெருமான்தான் நினைவுக்கு வருவார். இன்னொரு காரணம், கடற்கரை மக்கள் ஏற்கெனவே அந்தோணி, சவேரி, மிக்கேல், சூசை என்று ஒலியளவில் பெயர்களை ஏற்றுத் தமிழ்ப்படுத்திவிட்டார்கள். இன்னாசியும் அந்த வரிசையில் இயல்பாகச் சேர்ந்தது. மொழிபெயர்க்கப்படாததும் நல்லதே. உரோமிலேயே ஒட்டவைத்த ஒரு பொருளைத் தமிழில் இன்னொரு முறை ஒட்டவைக்கும் வேலை மிச்சமாயிற்று. தமிழ், பெயரைக் காதால் வாங்கிக்கொண்டது. முத்தும் தம்பியும் அம்மாளும் சேர்த்துத் தனதாக்கிக்கொண்டது.

மயிலாப்பூரில் போர்த்துகீசியச் சாயல் நீண்ட காலம் நின்றதற்குத் திருச்சபை நிர்வாகமும் காரணம். 1606இல் சாந்தோம் மயிலாப்பூர் மறைமாவட்டம் போர்த்துகல் அரசரின் ஆதரவுரிமையின் கீழ் ஏற்பட்டது. கிழக்கிந்தியக் கம்பெனி வந்து, போர்த்துகீசியர் ஆட்சி மறைந்து, ஆங்கிலேயர் நகரமே எழுந்த பிறகும் ஆயர்கள் போர்த்துகலிலிருந்து வந்துகொண்டிருந்தார்கள். 1952இல்தான் அது சென்னை உயர்மறைமாவட்டத்தோடு இணைந்து சென்னை-மயிலை ஆயிற்று. அக்காலப் பங்குகளில் ஞானஸ்நான ஏடுகளை இலத்தீனில் எழுதுவதே கத்தோலிக்க வழக்கம். நாள், குருவின் பெயர், ஞானஸ்நானம் கொடுத்தேன் என்ற பொருளில் ‘பாப்திசாவி’ என்ற சொல், பிறகு குழந்தையின் பெயர், தாய் தகப்பன், ஞானத்தாய், ஞானத்தகப்பன். அந்த வரியில் இக்னாத்தியுஸ் என்று ஏறிய பிள்ளையை வீட்டில் இன்னாசி என்று கூப்பிட்டார்கள். தெருவில் அதுவும் சுருங்கி ‘இன்னாசு’ ஆனது உண்டு.

1925இல் பிரான்சிஸ் பெர்ட்ராம் அடிகளார் நுங்கம்பாக்கத்தில் தொடங்கிய கல்லூரிக்கு லயோலா என்று பெயர். சென்னையில் இக்னாத்தியுசை நினைவூட்டும் மிகப்பெரிய இடம் அது. ஆனால் அது அவர் ஊரின் பெயர்தான், அவர் பெயரல்ல. மந்தைவெளி மாதா சர்ச் சாலையில் இயேசு சபையினர் நடத்தும் தியான ஆசிரமத்தில், அவர் வகுத்த ஆன்மிகப் பயிற்சிகளை இன்றும் தருகிறார்கள். கல்வித்துறையில் பெயரை அறியச் செய்தவர்கள் இருவர். சென்னைப் பல்கலைக்கழகத்தில் கிறித்தவத் தமிழ் இலக்கியத்தை ஆய்ந்து எழுதிய பேராசிரியர் சூ. இன்னாசி ஒருவர். லயோலாவின் பூச்சியியல் ஆய்வு நிறுவனத்தை நடத்தியவரும் சென்னைப் பல்கலைக்கழகத் துணைவேந்தராக இருந்தவருமான சவரிமுத்து இன்னாசிமுத்து அடிகளார் மற்றொருவர்.

ஐரோப்பிய மொழிகளில் இந்தப் பெயர் இக்னாசியோ, இக்னாஸ் என்று பல உருவம் எடுத்தது. கை கழுவச் சொன்னதற்காக மருத்துவ உலகம் ஏளனம் செய்த செம்மல்வைஸ் ஓர் இக்னாஸ். பிரேசில் அதிபர் லூலாவின் நடுப்பெயர் இனாசியு. ஸ்பானியத்தில் இக்னாசியோவைச் செல்லமாக நாச்சோ என்பார்கள். 1940களில் மெக்சிகோவின் பியெத்ராஸ் நெக்ராஸ் நகரில், சமையல்காரர் இல்லாத நேரத்தில் வந்த விருந்தினருக்கு இருந்ததை வைத்துத் தின்பண்டம் செய்து கொடுத்தவர் இக்னாசியோ அனாயா. சென்னை மல்ட்டிபிளெக்ஸ் இடைவேளைகளில் இன்று நூற்றுக்கணக்கில் விலை சொல்லி விற்கும் நாச்சோஸ் அவர் பெயரால் வந்தது. இன்னாசி என்று பிள்ளைக்குப் பெயர் வைக்கத் தயங்குகிறவர்கள் அதை வாங்கித் தின்பதற்குத் தயங்குவதில்லை.

அண்மைத் தலைமுறையில் வேறொரு திருப்பம் நடந்திருக்கிறது. புனிதர் பாரிசில் கைவிட்ட இஞ்ஞிகோ, இனிகோ என்ற உருவில் தமிழ்நாட்டுக் கத்தோலிக்கரிடம் நாகரிகப் பெயராக வந்துவிட்டது. 2021இல் திருச்சி கிழக்குத் தொகுதியில் வென்ற இனிகோ இருதயராஜும், நடிகர் இனிகோ பிரபாகரனும் அதற்குச் சான்று. இலத்தீன் பெயரின் தமிழ் வடிவம் பின்வாங்க, இலத்தீனே அல்லாத பாஸ்க் பெயர் முன்னுக்கு வருகிறது. இனிகோ கேட்க இனிமையாக இருக்கலாம். நானூறு ஆண்டு தமிழ்ப் புழக்கம் உள்ள இன்னாசிக்கு அது ஈடாகாது.

பெயர்நாள் இரண்டு: லயோலா இஞ்ஞாசியாருக்கு ஜூலை 31, அந்தியோக்கியா இஞ்ஞாசியாருக்கு அக்டோபர் 17. பழைய பங்கு ஏடுகளில் முன்னோரைத் தேடுகிறவர்கள் இன்னாசி என்ற ஒரு வடிவத்தோடு நின்றுவிடக் கூடாது. இக்னாத்தியுஸ், இனாசியு, இஞ்ஞாசி, இக்னேஷியஸ் ஆகிய நான்கின் கீழும் தேட வேண்டும்.