பலாப்பழமும் துறவும்

சீவக சிந்தாமணிக்கு 'மணநூல்'னு இன்னொரு பேர் உண்டு. சீவகனுக்கு எட்டு மனைவியர். ஒரு சமண முனிவருக்கு இவ்வளவு காமச்சுவை எப்படித் தெரியும்னு அப்பவே சந்தேகம். பழுக்கக் காய்ச்சிய இரும்பைக் கையில் ஏந்தித் திருத்தக்கதேவர் தம் தூய்மையை நிரூபித்ததாக ஒரு கதையே இருக்கு.

நூலில் 13 இலம்பகங்கள். முதலாவது நாமகள், கடைசி முத்தி. அந்த முத்தி இலம்பகத்தில் ஓர் ஆண் குரங்கு தன் துணைக்குப் பலாச்சுளை தருகிறது. தோட்டக்காவலன் அடித்து விரட்டிப் பழத்தைப் பிடுங்கிக்கொள்கிறான். பார்த்த சீவகனுக்குச் சுரீரென்று உறைக்கிறது: அப்பாவிடமிருந்து கட்டியங்காரன் பிடுங்கின நாட்டைத்தானே நானும் அவனிடமிருந்து பிடுங்கினேன்? இழந்ததை மீட்ட வீரனாகவே இதுவரை அவனைப் பார்த்து வந்த நமக்கும் அது உறைக்கும். எட்டுத் திருமணங்களின் இன்பத்தையும் முழுசாகக் காட்டினதால்தான் அவன் விட்டுப் போவதன் கனம் நமக்குத் தெரிகிறது.

சோழ மன்னன் இந்தக் காப்பியத்தில் மயங்கிக் கிடந்ததால்தான் சேக்கிழார் பெரியபுராணம் பாடினார் என்று சைவ மரபே சொல்கிறது. சமணக் கவிதைக்கு அவ்வளவு ஈர்ப்பு.

1880-இல் கும்பகோணம் கல்லூரியில் தமிழாசிரியராக இருந்த உ.வே.சாமிநாதையர் அதுவரை சிந்தாமணியைப் படித்ததில்லை. ஏட்டை எடுத்தால் பல இடங்கள் புரியவில்லை. விளக்கம் தேடி உள்ளூர்ச் சமணர் வீட்டுக்குப் போனார். அங்கே தோரணம், விசேஷக் களை. என்னவென்று கேட்டால், ஆறு மாதமாக நடந்த சிந்தாமணி வாசிப்பு நிறைவுபெற்ற நாளாம்!

புலவர்கள் மறந்துவிட்ட நூல் அந்த வீட்டில் வழிபாடாக இருந்திருக்கிறது. 1887-இல் அவர் பதிப்பித்த சிந்தாமணியில் அவர்கள் சொல்லிக்கொடுத்ததும் கலந்திருக்கிறது.